கேமராவுல சொன்ன கணியம்

இது நடந்து மூணு வருசம் இருக்கும். கொரோனா எல்லாம் ஓஞ்சு, எங்க ஊரு மாதா கோவில் திருவிழாவுக்கு மறுபடி தேர் இழுத்த வருசம். தாமிரவருணி ஆறு கடல்ல போயி விழுத எடத்துல ஒரு கடக்கர ஊரு இருக்குல்லா, அதான் எங்க ஊரு. நான் பொறந்ததும் அங்கனதான், வாக்கப்பட்டதும் அங்கனதான், ரெண்டு தெரு தள்ளி. கல்யாணம் முடிஞ்சு மாப்ள வீட்டுக்கு நடந்தே போயிட்டேன்.

எனக்கு எழுத்து தெரியாது. பாளையங்கோட்டையில டீச்சரா இருக்க எம்மக எழுதுதா, நான் சொல்லுதேன். "ம்மா, இது எதுக்கு, விசயத்துக்கு வா"ங்கா. ஊரச் சொல்லாம விசயத்த எப்படிச் சொல்ல?

எங்க ஊருக்கு ஒரு பக்கம் ஆறு, ஒரு பக்கம் கடலு, மிச்சம் பூரா உப்பளம். மலையில பொறக்க தண்ணி பாவநாசம், அம்பாசமுத்திரம், திருநெல்வேலின்னு எல்லாரையும் குளிக்க வச்சு, குடிக்க வச்சு, வயலுக்குப் பாஞ்சு, சாக்கடையும் சேந்து, கடைசியா எங்ககிட்ட வரும். வரும்போது தான் ஆத்துத் தண்ணியா கடத்தண்ணியான்னு அதுக்கே தெரியாது. நாங்க ஆத்தங்கரையில குடத்த வச்சுக்கிட்டு லாரிக்கு நிப்போம். கருவாடு விக்க நான் பஸ்ஸேறி ஏரல், ஸ்ரீவைகுண்டம், ஒரு தடவ ஆழ்வார்குறிச்சி வரைக்கும் போயிருக்கேன். பக்கத்துல உக்காந்த அம்மா மூக்கப் பொத்திக்கிட்டு ஜன்னலப் பாத்துக்கிட்டே வருவாவ. எறங்குன ஊர்ல அதே அம்மா, "கூடையத் தொற"ன்னு முதல் ஆளா வந்து நிப்பாவ. நான் ஒண்ணும் சொல்ல மாட்டேன். எடையில மட்டும் கொஞ்சம் கவனமா இருப்பேன்.

சரி, வாரேன்.

தேர் முடிஞ்சு ஒரு வாரம் கழிச்சு ஒரு காலேஜுல இருந்து மூணு பொம்பளப் பிள்ளைகளும் ஒரு வாத்தியாரும் வந்தாவ. கடக்கர ஊரோட வாழ்க்கையப் படம் புடிக்கப் போறாவளாம். ஆம்பளைங்க எல்லாம் கிழிஞ்ச மடிவலையப் பொத்திக்கிட்டு இருந்தாவ, பொம்பளைங்க எல்லாம் ஏலக்கூடத்துல நின்னாவ. நான் நெத்திலியக் காயப் போட்டுக்கிட்டு காக்கா வெரட்டிக்கிட்டு இருந்தேன். சும்மா இருக்கவ நான் ஒருத்திதான்னு நெனச்சாவளோ என்னமோ, எங்கிட்ட வந்துட்டாவ.

"பாட்டி, நீங்க பேசுங்க, நாங்க கேக்குறோம்"ன்னு வாத்தியாரு சொன்னாரு.

என் ஆயுசுல என்னைய உக்கார வச்சு ஒருத்தர் அப்படிச் சொன்னது அன்னைக்குத்தான். எங்க வீட்டுக்காரரு இருந்த காலத்துல நான் பேசுனா சோத்தப் பாத்துக்கிட்டே "ம்" ம்பாரு. மகன் போனப் பாத்துக்கிட்டே "ம்" ம்பான். இந்தப் பிள்ளைக என் மூஞ்சியப் பாத்துக்கிட்டு, நான் ஒண்ணு சொன்னா "அப்புறம் பாட்டி"ங்குது. மூட்டப்பூச்சி அளவுக்கு கருப்பா ஒண்ண எஞ்சேலையில குத்திவிட்டுச்சு ஒரு பிள்ள. அதுல பேசுனா தனியாக் கேக்குமாம்.

நான் விடுவனா. மீனுக்கு எப்படி உப்பு வைக்கணும், வாடக்காத்து அடிச்சா நெத்திலி எப்படி முறுகும், ஏலத்துல வெரல மடக்கி வெல கேக்கது எப்படி, எங்க மாமியா ஆணத்துல, அதான் மீன் கொழம்புல, என்ன போடுவா, எல்லாஞ் சொன்னேன். மறுநாளும் வாறோம்னு சொல்லிட்டுப் போனாவ. மறுநாளு நான் மக கல்யாணத்துக்கு எடுத்த பட்டுச்சேலையக் கட்டிக்கிட்டு கருவாட்டுப் பக்கத்துல உக்காந்திருந்தேன். எந்தம்பி பொண்டாட்டி அந்தப் பக்கமாப் போனவ நின்னு பாத்தா.

"என்ன மைனி, காக்கா வெரட்டப் பட்டுச்சேலையா?"

"என்னையத்தான் படம் புடிக்காவ, கருவாட்ட இல்ல. நீ போ"ன்னேன்.

அவளும் சிரிச்சா, நானும் சிரிச்சேன். அவ எங்கிட்டச் சிரிச்சது அதோட சரி.

ரெண்டாம் நாளு கடைசியிலதான் வாத்தியாரு அந்தக் கேள்வியக் கேட்டாரு. "கரை வேலையெல்லாம் அருமையாச் சொன்னீங்க பாட்டி. கடலுக்குள்ள நடக்கறது பொம்பளைங்களுக்குத் தெரிய வாய்ப்பில்ல, இல்லையா?"

அவரு ஒண்ணும் குத்தமாக் கேக்கல. ஆனா எனக்குச் சுருக்குன்னு இருந்துச்சு. "யாரு சொன்னா? எங்கப்பாவோட கணியம் இந்த ஊர்ல எங்கிட்டதான் இருந்துச்சு, அஞ்சு மாசம்"னு சொன்னேன்.

கணியம்னா உங்களுக்குத் தெரியாது. கடலுக்கு அடியில அங்கங்க கல்லு மேடு கெடக்கும். நாங்க அத பாருன்னு சொல்லுவோம். அதுலதான் கலவா, விளமீனு எல்லாம் கூடு கட்டுன மாதிரி நிக்கும். மேல இருந்து பாத்தா ஒண்ணும் தெரியாது, எங்கயும் ஒரே தண்ணிதான். அந்த எடத்துக்குப் போகணும்னா கரையப் பாக்கணும். ஒரு கோபுரமும் அதுக்குப் பின்னால ஒரு பனையும் ஒண்ணு மேல ஒண்ணு ஏறி நிக்கும், அது ஒரு அடையாளம். இன்னொரு பக்கம் ஒரு குன்றும் ஒரு புகைக்கூண்டும் அதே மாதிரி சேரும், அது ஒரு அடையாளம். ரெண்டும் எந்த எடத்துல சரியா வருதோ அங்கன நங்கூரக் கல்லப் போட்டு வள்ளத்த நிறுத்தணும். அதான் கணியம். இப்பம் நான் சொன்னது சும்மா விளங்கதுக்குச் சொன்னது, எங்கப்பா கணியம் வேற. அத இங்கன சொல்ல மாட்டேன். சொல்லி இனி ஆகப்போறது ஒண்ணுமில்ல, ஆனாலும் வாய் வரல.

ஒவ்வொரு குடும்பத்துக்கும் ஒரு பாரு, ரெண்டு பாரு இருக்கும். அப்பன் மகனுக்குத்தான் சொல்லுவான். மருமகனுக்குக் கூடச் சொல்ல மாட்டான். பக்கத்துல வேற வள்ளம் வந்தா, மீனு கடிச்சுக்கிட்டு இருந்தாலும் கல்லத் தூக்கிட்டு வேற எடத்துக்குப் போயிருவாவ, எடம் தெரிஞ்சிரக் கூடாதுன்னு. இப்ப கடல்லயும் வழி காட்டுத மெசினு வந்துட்டு. அதுல எடத்தக் குறிச்சு வச்சா மறு தடவ நேரா கொண்டு போயி விட்டுரும். ஆனா முதல் தடவ அந்த எடம் தெரிஞ்சாத்தான குறிக்க முடியும்?

எங்கப்பாவுக்கு மஞ்சக்காமால வந்து படுத்தப்ப எந்தம்பி ஊர்ல இல்ல. தூத்துக்குடி தோணியில மாலத்தீவுக்குச் சரக்கு ஏத்திக்கிட்டுப் போயிருந்தான். எப்ப வருவான்னு தெரியாது. அப்பாவுக்கு நாளு கம்மின்னு அப்பாவுக்கே தெரிஞ்சு போச்சு. அம்மாவ தண்ணிக்கு அனுப்பிட்டு என்னையப் பக்கத்துல கூப்பிட்டாவ. "ஒங்கம்மாகிட்டச் சொன்னா பொழுது சாயதுக்குள்ள ஏலக்கூடத்துல வெல போட்டிருவா. நீ வச்சிரு. தம்பி வந்ததும் கொடுத்துட்டு மறந்திரு"ன்னு சொல்லிட்டு, கணியத்த மூணு தடவ சொன்னாவ. என்னையத் திருப்பிச் சொல்லச் சொன்னாவ. நான் தப்பில்லாமச் சொன்னதும், "ஆம்பளையாப் பொறந்திருக்கலாம் நீ"ன்னாவ. ஒம்போது நாள்ல போயிட்டாவ.

அப்பம் எனக்குப் பதினேழு வயசு. மறந்துரக் கூடாதேன்னு செபமாலை உருட்டும்போது அஞ்சாவது மணிக்கும் ஆறாவது மணிக்கும் நடுவுல கணியத்த ஒரு தடவ சொல்லிக்கிடுவேன். மாதா கேட்டிருப்பா, அவ யாருகிட்டயும் சொல்லல. அஞ்சு மாசம் கழிச்சுத் தம்பி வந்தான். அப்பா குழியில போயி அழுதுட்டு வந்தவன கொல்லைக்குக் கூட்டிட்டுப் போயி அத்தனையும் ஒப்பிச்சேன். அந்த ஒரு பாரு வச்சுத்தான் அவன் வீடு கட்டுனான், எங்கம்மாவக் கடைசி வரைக்கும் பாத்தான், எனக்கு நக போட்டுக் கட்டிக் கொடுத்தான், அவன் பிள்ளைகளப் படிக்க வச்சான். பெரிய வருமானம்னு சொல்ல முடியாது. ஆனா எல்லாருக்கும் மீனு இல்லாத நாள்லயும் அவன் வள்ளத்துல நாலு விளமீனு கெடக்கும். நான் கணியத்த மறந்துட்டேன்னு அவங்கிட்டச் சொல்லிட்டேன். மறக்கல. எழுதி வைக்கத் தெரியாதவளுக்கு மறக்கவும் தெரியாது பாத்துக்கிடுங்க.

இவ்வளவையும் அந்தக் கேமராவுக்கு முன்னால சொன்னேன். சொல்லச் சொல்ல அந்தப் பிள்ளைக வாயத் தொறந்துக்கிட்டுக் கேக்குது. ஒரு பிள்ளைக்குக் கண்ணு கலங்கிட்டு. "பாட்டி, இன்னும் உங்களுக்கு ஞாபகம் இருக்கா?"ன்னு அது கேட்டுச்சு.

ஞாபகமா. அப்பா சொன்ன அதே ராகத்துல, ரெண்டு அடையாளத்தையும் சொன்னேன். எத்தன பாகம் ஆழம்னு சொன்னேன். எந்த மாசம் எந்த மீனு நிக்கும்னு சொன்னேன். மூச்சு விடாமச் சொன்னேன். முடிச்சதும் நாலு பேரும் கை தட்டுனாவ. எனக்கு யாரும் அதுக்கு முன்னால கை தட்டினதில்ல. எப்படி இருக்கணும்னு தெரியாம நானும் சேந்து கை தட்டிட்டேன்.

பத்து நாள்ல அது எல்லார் போன்லயும் வந்துட்டு. தெருவுல போனா, "ஆச்சி, சினிமாக்காரி ஆயிட்டியே, எங்கள எல்லாம் ஞாபகம் வச்சுக்கோ"ன்னு கேலி பண்ணுதாவ. பங்குச் சாமி கூடப் பூசை முடிஞ்சு நிறுத்தி, "நல்லாப் பேசுனீங்க"ன்னாரு. அவருக்குச் சொந்த ஊரு மேற்க, வயக்காட்டுப் பக்கம். அவருக்கு என்ன தெரியும். நான் பக்கத்து வீட்டுப் பிள்ளகிட்டச் சொல்லி நாலு தடவ போடச் சொல்லிப் பாத்தேன். பட்டுச்சேல நல்லா எடுத்திருந்துச்சு.

அஞ்சாவது தடவ பாக்கலாம்னு இருந்த அன்னைக்குத்தான் தம்பி வந்தான். காலையில, கடல்ல இருந்து நேரா. காலுல மண்ணு கூடக் கழுவல. அவங்கிட்ட பெரிய போனு கெடையாது. அவன் மகன் காட்டியிருக்கான்.

நான் சாயா போட்டுக் கொடுத்தேன். அவன் டம்ளரப் பாத்துக்கிட்டே கேட்டான். "யக்கா, அந்தப் படத்துல அப்பா சொன்னதச் சொன்னியா?"

"ஆமா. ஒரு சொல்லு பிசகலல்லா? நீயே சொல்லு. அம்பது வருசம் ஆச்சு"ன்னேன்.

இத இப்பம் சொல்லும்போது எனக்கு நாக்கு கூசுது. ஆனா நடந்தது அதான். நான் பல்லக் காட்டிக்கிட்டு அவன் பாராட்டட்டும்னு நின்னேன்.

"இல்லக்கா, பிசகல"ன்னான். பாதிச் சாயாவ அப்படியே வச்சிட்டு எந்திரிச்சுப் போயிட்டான். அப்பமும் எனக்குப் புரியல. சாயாவுல சீனி கம்மியோன்னு குடிச்சுப் பாத்தேன். சரியாத்தான் இருந்துச்சு. டம்ளரக் கழுவும்போதுதான், கணியம் இனி ஊருக்கே தெரியும்னு ஒறச்சுச்சு.

மறுநாளு விடியக்காலையில அவன் போனப்ப பாருல அஞ்சு வள்ளம் நின்னுக்கிட்டிருக்கு. எல்லாம் எங்க ஊரு வள்ளம், எல்லாம் எங்க சொந்தம். இவனப் பாத்து ஒருத்தன் கைய வேற தூக்குனானாம், வணக்கம் சொல்லுத மாதிரி. அடுத்த வாரம் பக்கத்து ஊரு வள்ளம் வந்துச்சு. அப்பவும் தூண்டியோட நின்னிருந்தா மீனு குறையும், ஆனா பாரு நிக்கும். ரெண்டு மாசத்துல பெரிய விசப்படகு வந்துட்டு. மடிக்கு அடியில உருளை கட்டியிருப்பாவ, கல்லு மேல உருண்டு போகதுக்கு. அது போற எடத்துல கல்லு பேந்துரும், பாசி பேந்துரும், குஞ்சு குருமான் எல்லாம் போயிரும். மூணு தடவதான் இழுத்தானாம். தம்பி அதுக்குப் பொறவு ஒரு வாரம் போயிப் போயித் தூண்டி போட்டுப் பாத்தான். ஒரு நாளு கல்லப் போட்டா, பிடிக்காம வழுக்கிக்கிட்டே வந்துச்சாம். அன்னைக்குத்தான் அவனுக்குப் புரிஞ்சிருக்கு, கீழ பாரே இல்லன்னு.

நான் சும்மா இருக்கல. முதல்ல வள்ளம் கொண்டு போன அஞ்சு பேருல ஒருத்தன் எங்க பெரியப்பா பேரன். அவன் வீட்டுக்குப் போயி நின்னேன். "ஏலே, அது ஒங்க சித்தப்பா பாருன்னு ஒனக்குத் தெரியாதாலே? வெக்கமா இல்லையா?"ன்னு கேட்டேன்.

அவன் மடி பொத்துதத நிறுத்தல. "அத்த, நான் களவாண்டா போனேன்? நீதான் ஊரு பூராவுக்கும் பட்டுச்சேல கட்டிக்கிட்டுச் சொன்ன. எனக்கு மட்டும் கேக்கக் கூடாதுன்னா எப்படி?"ன்னான்.

அவன் பொண்டாட்டி உள்ள சிரிச்சா. நான் திரும்பி வந்துட்டேன்.

எம்மகள விட்டு அந்த வாத்தியாருக்குப் போன் போடச் சொன்னேன். அவரு நல்ல மனுசன். முதல்ல புரியல, "நல்லாப் போய்க்கிட்டு இருக்கு பாட்டி, எல்லாரும் உங்களப் பாராட்டுறாங்க"ன்னாரு. மக வெவரஞ் சொன்னதும் பதறிட்டாரு. அன்னைக்கே அத நெட்டுல இருந்து எடுத்துட்டாரு. எடுத்து என்ன செய்ய. அதுக்குள்ள ஆளாளுக்கு அத வெட்டி, கணியம் சொல்லுத துண்ட மட்டும் தனியா வச்சிருந்தாவ. அந்தப் பிள்ளைக மேலயும் நான் குத்தம் சொல்ல மாட்டேன். அது என்னன்னு அவுகளுக்குத் தெரியாது. எனக்குத் தெரியும்.

இப்பம் தம்பி வள்ளம் கரையில கவுந்து கெடக்கு. அவன் மகன் விசப்படகுல கூலிக்குப் போறான், அதே உருளை மடி போடுத படகுலதான். வேற எதுல போக? அந்தப் பையன் எங்கிட்ட முன்ன மாதிரிப் பேசி மூணு வருசம் ஆச்சு. ஒரு நாளு வழியில மறிச்சு, "ஏ மக்கா, அத்தைய ஏசவாவது செய்யி"ன்னேன். "ஏசுனா அதையும் போய் எங்கயாவது சொல்லுவிய"ன்னுட்டு நடந்துட்டான். இந்தா, சொல்லிட்டேன்லா. அவன் சொன்னது சரிதான்.

ஒண்ண மறந்துட்டேன். எங்கப்பா அன்னைக்கு இன்னொண்ணும் சொல்லியிருந்தாவ. கணியத்த வச்சிருந்து கொடுக்கதுக்குக் கூலியா, வருசத்துக்கு ஒரு தடவ, அவுக செத்த நாளுல, அந்தப் பாருல புடிச்ச விளமீனு ஒண்ணு எனக்கு வரணும்னு. தம்பி ஒரு வருசம் தவறினதில்ல. அவனுக்குக் காச்சலா இருந்த வருசம் கூட ஆள விட்டுப் புடிக்காம தானே போயிப் புடிச்சுக் கொண்டாந்தான்.

பாரு அழிஞ்ச அதே வருசம் அப்பா நாளு வந்துச்சு. தம்பி இனி வர மாட்டான்னு நான் உலையில சோறு மட்டும் போட்டேன், ரசம் போதும்னு. பத்து மணி இருக்கும், வாசல்ல வந்து நிக்கான். கையில வாழ எலையில சுத்துன மீனு. நல்ல பெரிய விளமீனு. நான் எலையப் பிரிச்சுப் பாத்தேன். கண்ணு வெளுத்திருந்துச்சு. வாயத் தொறந்து பாத்தேன், ஒதட்டுல தூண்டி முள்ளு ஏறுன ஓட்ட இல்ல. செதிலு எல்லாம் மடியில ஒரசிப் பேந்திருந்துச்சு. ஏலக்கூடத்துல, அந்த விசப்படகுக்காரங்கிட்ட வாங்கியிருக்கான். காசு கொடுத்து.

நான் பாத்தத அவனும் பாத்துட்டான்.

"ஐஸு மீனுக்கா. வச்சிராத, இன்னைக்கே ஆணம் வச்சிரு"ன்னான். உள்ள வரல. செருப்ப மாட்டிக்கிட்டுப் போயிட்டான்.

புளி கரைச்சு, தேங்கா அரைச்சு வச்சேன். அப்பாவுக்கு ஒரு தட்டு எடுத்து வச்சேன். நானும் சாப்பிட்டேன். சாப்பிடாம இருந்தா அவன் கொடுத்த காசும் வீணாப் போயிருமேன்னு முள்ளு வரைக்கும் சாப்பிட்டேன். அதுக்கு அடுத்த வருசமும் கொண்டாந்தான். இந்த வருசமும். ஒவ்வொரு வருசமும் ஏலத்துல வாங்குன மீனுதான், அதே வார்த்ததான், வாசலோட சரி.

எம்மக, "ம்மா, நீ தெரியாமத்தான செஞ்ச, விடு"ங்கா. விடலாம். ஆனா அந்த ரெண்டு நாளு மாதிரி சந்தோசமா நான் எங்கல்யாணத்துல இருந்ததில்ல, பிள்ள பெத்தப்பவும் இருந்ததில்ல. என்னையக் கேட்டாவ, நான் சொன்னேன், கை தட்டுனாவ. எந்தம்பி பொழப்பு போனத நெனச்சு அழும்போது கூட அந்தச் சந்தோசம் உள்ள ஒரு மூலையில அப்படியே உக்காந்திருக்கு, அத என்னால வெரட்ட முடியல, அதுதான் எனக்கு எல்லாத்தையும் விடக் கசக்குது.